பாறையில் இருப்பது படம் மட்டுமா? ஆஸ்திரேலிய ஆதிக்குடிகளின் பாறை ஓவிய நிலங்கள்: ஓர் எளிய அறிமுகம்

வெள்ளை முகம், பெரிய கறுப்புக் கண்கள், தலையைச் சுற்றி ஒளிவட்டம்போல ஒன்று. வாய் மட்டும் இல்லை. இந்தப் படத்தை இணையத்தில் ஒரு முறையாவது பார்த்திருப்பீர்கள். கூடவே, "வேற்றுக்கிரகவாசிகள் பூமிக்கு வந்ததற்கு ஆதாரம்" என்று ஒரு வரியும் ஓடும். வடமேற்கு ஆஸ்திரேலியாவின் கிம்பர்லி பகுதியில் உள்ள வன்ஜினா ஓவியங்கள் அவை. அவற்றைக் காலங்காலமாகப் பராமரித்து வந்த மக்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் இன்றும் அந்த நிலத்தில்தான் இருக்கிறார்கள். அந்த உருவம் யார், ஏன் வாய் இல்லை, இப்போது எங்கே இருக்கிறது என்று கேட்டால் அவர்களிடம் பதில் உண்டு. யாரும் கேட்பதில்லை, அதுதான் சிக்கல்.

பாராட்டுகிறவர்களும் வேறொரு வழியில் தவறவிடுகிறார்கள். "உலகின் மிகப் பழைய ஓவியக்கூடம்" என்பார்கள். எத்தனை ஆயிரம் ஆண்டு, எந்த நிறம், எவ்வளவு நேர்த்தி என்பதோடு பேச்சு முடிந்துவிடும். பாறையை விட்டுவிட்டு, நிலத்தை விட்டுவிட்டு, மக்களை விட்டுவிட்டுப் படத்தை மட்டும் வெட்டி எடுத்துப் பார்க்கிற பார்வை இது. அந்த மக்களுக்கோ படம் என்பது ஒரு பெரிய பிணைப்பின் ஒரு முனை. மறுமுனைகளில் மலை இருக்கிறது, மழை இருக்கிறது, குலம் இருக்கிறது, சட்டம் இருக்கிறது. அந்தப் பிணைப்பு எப்படி வேலை செய்கிறது என்பதைத்தான் இங்கே படிப்படியாகப் பார்க்கப் போகிறோம்.

முன்கூட்டியே ஒன்று சொல்லிவிட வேண்டும். ஐரோப்பியர் வந்து குடியேறிய 1788-இல் ஆஸ்திரேலியாவில் 250-க்கும் மேற்பட்ட மொழிகள் இருந்தன. "ஆதிக்குடிகளின் நம்பிக்கை" என்று எல்லாருக்கும் சேர்த்து ஒன்றைச் சொன்னால் அது பெரும்பாலும் பிழையாகவே இருக்கும். அதனால் முக்கியமாக மூன்று இடங்களை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். வடக்கே கக்காடு, வடமேற்கே கிம்பர்லி, மேற்குக் கடற்கரையில் முருஜுகா.

குலதெய்வக் கோயிலிலிருந்து தொடங்கலாம்

நம் ஊர்ப்பக்கக் குலதெய்வக் கோயில் ஒன்றை நினைத்துக்கொள்ளுங்கள். கண்மாய்க்கரையோரம் நாலு மரம், ஒரு மேடை, சுதையில் செய்த உருவம், அதன் கையில் அரிவாள். வெளியூர்க்காரர் ஒருவர் வந்து அந்த உருவத்தை மட்டும் படம் எடுத்துப்போய், "அழகான நாட்டுப்புறச் சிற்பம், வண்ணங்கள் அடர்த்தி" என்று எழுதுகிறார். அதில் பொய் எதுவும் இல்லை. ஆனால் அங்கே கும்பிடுகிறவர்களுக்கு முக்கியமான எதுவும் அதில் இல்லையே. சாமி எந்த வழியாக நடந்து வந்து இந்த இடத்தில் நின்றது, எந்தப் பங்காளிகளுக்கு முதல் மரியாதை, எந்தக் கதையைச் சின்னப் பிள்ளைகளிடம் சொல்வதில்லை, ஊரில் ஒருவன் தப்பு செய்தால் என்ன ஆகும் என்பதெல்லாம் எங்கே?

அந்த உருவத்தின் வண்ணம் மங்கினால் கும்பாபிஷேகத்துக்குப் புதிதாகப் பூசுவார்கள். அசல் போய்விட்டதே என்று யாரும் வருந்துவதில்லை. பூசாமல் விட்டால்தான் வருத்தம். அதே சிலையைப் பெயர்த்துக் கொண்டுபோய் ஓர் அருங்காட்சியகத்தில் குளிர்சாதன அறையில் வைத்தால் சிலை பத்திரமாக இருக்கும், கோயில் இருக்காது.

இந்த ஒப்பீடு பாதி தூரம்தான் வரும். நம் சாமி, ஏற்கெனவே இருக்கிற ஓர் இடத்துக்கு வந்து அமர்கிறது. இங்கே நாம் பார்க்கப்போகிற ஆதி உயிர்கள் அந்த இடத்தையே உண்டாக்கின. மலை, ஆறு, மீன், மொழி, யார் யாரை மணக்கலாம் என்ற விதி எல்லாம் அவை நடந்துபோன வழியில் உண்டானவை. நடந்து முடித்த பிறகு அவை எங்கும் போகவில்லை. அந்தப் பாறையாக, அந்த நீர்ச்சுனையாக ஆகிவிட்டன. கோயிலுக்குச் சுற்றுச்சுவர் எங்கே என்று தேடினால் கிடைக்காது. அடுத்த குலத்தின் நிலம் தொடங்கும் இடம் வரை எல்லாமே அதுதான்.

நிலத்துக்குள் இருக்கும் ஆற்றல்

கக்காடு தேசியப் பூங்கா டார்வின் நகருக்குக் கிழக்கே உள்ளது. ஏறத்தாழ 20,000 சதுர கிலோமீட்டர். இயற்கைக்காகவும் பண்பாட்டுக்காகவும் சேர்த்து 1981 முதல் உலகப் பாரம்பரியப் பட்டியலில் இருக்கிறது. அங்கே ஓவியங்கள் உள்ள பாறை ஒதுக்குகள், அதாவது மேல்பாறை நீண்டு நின்று மழை படாமல் காக்கிற இடங்கள், சுமார் 5,000 பதிவாகியுள்ளன. அந்த நிலத்துக்கு உரிய மக்கள் வடபகுதியில் தங்களைப் பினிஞ் என்றும் தென்பகுதியில் முங்குய் என்றும் சொல்லிக்கொள்கிறார்கள்.

பினிஞ் மக்களிடமிருந்து நாம் தெரிந்துகொள்ள வேண்டிய முதல் சொல் ஜாங். ஆதி உயிர்கள் விட்டுச்சென்ற ஆற்றலும், அது குடிகொண்டிருக்கும் இடமும் ஜாங் எனப்படும். சில ஜாங் இடங்களுக்கு யாரும் போகலாம். சில இடங்கள் ஆபத்தானவை. உரியவர்கள் தவிர மற்றவர் கால் வைக்கக் கூடாது, கல்லைப் புரட்டக் கூடாது.

இந்த ஆதி உயிர்கள் நடந்துபோன பாதை பாட்டாகவும் சடங்காகவும் நினைவில் வைக்கப்படுகிறது. அதைப் பாட்டுத்தடம் என்று சொல்லலாம். ஒரு தடம் பல குலங்களின் நிலங்களைத் தாண்டிப் போகும். ஒவ்வொரு குலமும் தன் நிலத்தில் வருகிற பகுதிக்குப் பொறுப்பு. பாட்டின் வரிசையே நிலத்தின் வரிசை. அடுத்து எந்தச் சுனை, எந்தக் குன்று என்பது பாட்டைக் கேட்டாலே தெரிந்துவிடும்.

இதில் ஓவியம் எங்கே வருகிறது? உபிர் என்ற இடத்தில் வானவில் பாம்பு என்ற ஆதிப் பெண்ணுயிரின் ஓவியம் ஒன்று இருக்கிறது. அவள் அந்த நிலத்தைக் கடந்து போகும்போது பாறைகளையும் செடிகளையும் விலங்குகளையும் மனிதர்களையும் பாடிப் பாடி உண்டாக்கினாள். உபிரில் நின்றபோது, தான் வந்ததை மக்கள் மறந்துவிடக் கூடாது என்று தன் உருவத்தைத் தானே பாறையில் வைத்துவிட்டுப் போனாள். அதே உபிரில், ஆள் எட்டவே முடியாத உயரத்தில், மேல்கூரைப் பாறையில் சில ஓவியங்கள் இருக்கின்றன. சாரம் கட்டி வரைந்தார்களா என்று சுற்றுலாப் பயணிகள் யோசிப்பார்கள். பினிஞ் மக்கள் சொல்வது வேறு. மிமி என்ற, பாறை இடுக்குகளில் வாழும் மெல்லிய ஆவிகள் பாறையைக் கீழே இழுத்து, வரைந்து, மீண்டும் மேலே தள்ளிவிட்டன. மனிதர்களுக்கு ஓவியம் வரையக் கற்றுக்கொடுத்ததும் அவைதான்.

வண்ணத்துக்குக்கூட இப்படி ஒரு பிறப்பு உண்டு. மேற்கு ஆஸ்திரேலியாவில், வஜாரி மக்களின் நிலத்தில், வில்கி மியா என்ற பழைய காவிக்கல் சுரங்கம் இருக்கிறது. காவிக்கல் என்பது இரும்பு ஆக்சைடு கலந்த மண் அல்லது கல். பாறை ஓவியங்களின் சிவப்பும் மஞ்சளும் அதிலிருந்துதான் வருகின்றன. ஈட்டி பாய்ந்த பெரிய ஆதிக் கங்காரு ஒன்று அங்கே வந்து விழுந்தது. சிவப்பு அதன் ரத்தம், மஞ்சள் அதன் ஈரல், பச்சை அதன் பித்தம். அப்படியென்றால் அந்தக் காவியைக் குழைத்து ஒருவர் பாறையில் தீட்டும்போது கையில் இருப்பது வெறும் நிறப்பொடி இல்லை என்று புரிந்துகொள்ளலாம்.

இதுவரை பார்த்ததைச் சுருக்கினால்: நிலத்தை உண்டாக்கிய உயிர்கள் நிலத்திலேயே தங்கியிருக்கின்றன. அவற்றில் சில, தங்கள் உருவத்தைத் தாங்களே பாறையில் வைத்தன. மனிதர் வரைந்தாலும் வரையும் முறை அவற்றிடமிருந்து வந்தது.

மின்னல் மனிதரின் சுவர்

பொதுவாகச் சொல்லிக்கொண்டே போனால் எதுவும் பிடிபடாது. ஒரே ஒரு சுவரைப் பொறுமையாகப் பார்ப்போம். கக்காடுவில் புருங்குய் என்ற பெரும்பாறை இருக்கிறது. நூர்லாஞ்சி என்ற பெயரில் பலருக்குத் தெரிந்திருக்கும். அதன் அடியில் அன்பாங்பாங் என்ற ஓவியச் சுவர். அங்கே வெள்ளை நிறத்தில் கைகால்களை விரித்து நிற்பவர் நமார்கோன், மின்னல் மனிதர். அவருடைய கைகளையும் தலையையும் கால்களையும் இணைத்துக்கொண்டு வளைந்து போகிற பட்டைதான் மின்னல். முழங்கால்களிலும் முழங்கைகளிலும் கல் கோடரிகள். அவற்றால் கருமேகத்தைப் பிளக்கும்போது மின்னல் வெட்டுகிறது. பக்கத்தில் அவர் மனைவி பர்கிஞ்ச்.

நமார்கோன் தன் குடும்பத்தோடு வடக்குக் கடற்கரையில் இந்த நிலத்துக்குள் வந்தார். நல்ல இருப்பிடம் தேடி நடந்தார். போகிற வழியெல்லாம் தன் ஆற்றலைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டுச்சென்றார். கடைசியில் அந்தப் பெரிய மணற்கல் செங்குத்துப் பாறைகளின் விளிம்புக்கு வந்தபோது, தன் கண் ஒன்றை எடுத்து உச்சியில் வைத்தார். மழைக்காலம் வருகிறதா என்று அது இன்றும் அங்கே காத்திருக்கிறது. அந்த இடம் மின்னலின் ஜாங்.

கக்காடு மக்கள் ஆண்டை ஆறு பருவமாகப் பிரிக்கிறார்கள். அதில் குனுமெலெங் என்பது மழைக்கு முந்தைய புழுக்கமான காலம், ஏறத்தாழ அக்டோபர் முதல் டிசம்பர் வரை. மாலைதோறும் இடி மின்னல் கட்டும். அந்தச் சமயத்தில் பாறைப் பகுதியில் செம்மஞ்சளும் நீலமும் கலந்த ஒரு வெட்டுக்கிளி கண்ணில் படும். அல்யூர் என்று பெயர். நமார்கோன், பர்கிஞ்ச் இருவரின் பிள்ளைகள் அவை. மழையைத் தொடங்கச் சொல்லி அப்பாவைக் கூப்பிட வெளியே வருகின்றன.

இப்போது அந்தச் சுவர் முன்னால் திரும்பவும் நின்று பாருங்கள். சுவரில் இருப்பவர், தூரத்துப் பாறையில் உள்ள அவர் கண், செடியில் உட்கார்ந்திருக்கும் வெட்டுக்கிளி, மேலே கறுக்கிற மேகம் எல்லாம் ஒரே குடும்பம். சுவரில் உள்ள உருவம் அந்தக் குடும்பத்தை ஒரு பிள்ளைக்கு அறிமுகம் செய்துவைக்கிற இடம். "பாறை ஓவிய நிலம்" என்று நான் சொல்வது இந்தத் தொகுப்பைத்தான். படம் உள்ள சுவரின் நீள அகலத்தோடு அது நிற்பதில்லை, கண்ணுக்கு எட்டாத தூரம் வரை போகிறது. ஓவியத்தைச் சுற்றி இருபது அடிக்கு வேலி போட்டுவிட்டு, தூரத்துப் பாறையை உடைக்க அனுமதி கொடுத்தால் எதைக் காப்பாற்றினோம்?

இந்தச் சுவர் எப்போது வரையப்பட்டது என்று ஊகிக்கச் சொன்னால் பலரும் ஆயிரக்கணக்கில் ஆண்டுகள் சொல்வார்கள். இன்று நாம் பார்க்கிற இந்த உருவங்கள் 1963-64 காலத்தில் வரையப்பட்டவை. வரைந்தவர் நயோம்போல்மி. பாரமுண்டி சார்லி என்றும் அவரை அழைப்பார்கள். பாரமுண்டி என்பது நம் கொடுவா மீன். எருமை வேட்டை முகாம்களிலும் பண்ணைகளிலும் வேலைக்காக மக்கள் சிதறிப்போயிருந்த காலம் அது. அவர் அங்கே வந்து தங்கி, மங்கிப்போன பழைய ஓவியங்களின் மேல் இந்த உருவங்களை வரைந்தார். 1967-இல் இறந்தார். அந்த வட்டாரம் முழுக்க அவர் வரைந்தவை நூற்றுக்கணக்கில் உள்ளன. அறுபது ஆண்டுதானா என்று ஏமாற வேண்டாம். நமார்கோனின் வயது அந்த வெள்ளைப் பூச்சின் வயது இல்லை.

இங்கே அதிகம் தென்படுகிற இன்னொரு வகையையும் சொல்லிவிடுகிறேன். மீன், கங்காரு, ஆமை போன்றவற்றை எலும்பும் ஈரலும் குடலும் உள்ளே தெரியும்படி வரைவார்கள். இதை எக்ஸ்ரே பாணி என்கிறார்கள். வேட்டையில் கிடைத்ததை எப்படி அறுத்து யாருக்கு எந்தப் பங்கு கொடுக்க வேண்டும் என்று கற்பிக்க இது உதவுகிறது. அது மேலோட்டமான பொருள். ஆதி உயிரின் உடலுறுப்புகள்தாம் நிலத்தில் தனித்தனி இடங்களாக இருக்கின்றன என்பதால், அந்த உள்ளுறுப்புப் பிரிவுகள் நிலத்தின் பிரிவுகளையும் குறிக்கும். ஒரே கோடுகள்தான், ஆளுக்கு ஏற்ற அளவு பொருள் தருகின்றன. இது நம்மை அடுத்த கேள்விக்குக் கொண்டுபோகிறது.

யார் வரையலாம், யாரிடம் சொல்லலாம்

எல்லாரும் எதையும் வரைந்துவிட முடியாது. ஒரு நிலத்துக்கும் அதன் கதைகளுக்கும் உரிமை அப்பா வழியாக வருகிறது. அதோடு முடிந்துவிடவில்லை. அம்மா பிறந்த குலத்தின் நிலத்துக்கு ஒருவர் மேற்பார்வையாளராக இருப்பார். கக்காடுவை ஒட்டிக் கிழக்கே விரியும் ஆர்னெம் நிலத்தின் மேற்குப் பகுதியில் அவருக்கு ஜுங்காய் என்று பெயர். உரிமையாளர் சடங்கைச் சரியாகச் செய்கிறாரா, நிலத்தைச் சரியாகப் பார்த்துக்கொள்கிறாரா என்று கவனிப்பது ஜுங்காயின் கடமை. சொந்தக்காரரே ஆனாலும் தன்னிஷ்டத்துக்கு எதையும் செய்துவிட முடியாதபடி இன்னொரு குலத்தின் கண் மேலே இருக்கும். என் பார்வையில் இது மிகவும் நுட்பமான ஏற்பாடு. எழுதிவைத்த பத்திரம் எதுவும் இல்லாமல் பல தலைமுறைக்கு நிலத்தைக் காத்த முறை இது.

கதையும் அடுக்கடுக்காக இருக்கிறது. உபிரில் மபுயு என்ற ஓர் உருவம் உண்டு. அவர் பிடித்த மீன்களைக் கயிற்றில் கோத்து இழுத்துக்கொண்டு போகும்போது யாரோ கயிற்றை அறுத்துத் திருடிவிட்டார்கள். திருடியவர்கள் குகைக்குள் மீனைத் தின்று தூங்கும் வரை காத்திருந்து, பெரிய பாறையால் வாசலை அடைத்துவிட்டார் மபுயு. மறுநாள் காலை அவர்கள் வெளியே வரவே இல்லை. திருடக் கூடாது என்று பிள்ளைகளுக்குச் சொல்கிற கதை இது. எல்லாரும் கேட்கலாம், பலகையில்கூட எழுதி வைத்திருக்கிறார்கள். ஆனால் வேறு பல ஓவியங்களுக்கு, வெளியே சொல்கிற கதை ஒன்று, சடங்குகளைக் கடந்து வயதும் பொறுப்பும் வந்தவர்களுக்கு மட்டும் சொல்கிற கதை வேறொன்று. ஆண்களுக்கு மட்டும், பெண்களுக்கு மட்டும் என்ற இடங்களும் உண்டு.

"முழுக் கதையையும் சொல்ல மறுக்கிறார்கள், அப்படியானால் மறந்துவிட்டார்கள்போல" என்று சில பயண எழுத்தாளர்கள் எழுதுவதைப் பார்த்தால் எனக்கு வருத்தமாக இருக்கும். சொல்லாமல் இருப்பதும் அந்த அறிவைக் காக்கிற வேலையின் ஒரு பகுதி. நமக்குக் கிடைப்பது வாசற்படி வரையிலான கதை. அந்த அளவுக்குக் கொடுத்ததே பெரிய மனசு.

திரும்ப வரைந்தால் அழிந்துவிடுமா?

மீண்டும் வன்ஜினாவுக்கு வருவோம். வொரோரா, ஙரின்யின், வுனம்பல் ஆகிய மூன்று மக்களுக்கு உரிய உயிர்கள் இவை. மேகமும் மழையும் வன்ஜினாக்களின் ஆளுகை. தலையைச் சுற்றி இருக்கிற வட்டம் மேகமும் மின்னலும். ஒவ்வொரு வன்ஜினாவும் தன் வேலை முடிந்ததும் ஒரு பாறை ஒதுக்கில் போய்ப் படுத்தது. படுத்த இடத்தில் உருவம் பதிந்தது. ஆவி பக்கத்து நீர்நிலைக்குள் போனது. பிறக்கப்போகும் குழந்தைகளின் உயிர் அந்த நீர்நிலைகளிலிருந்தே வருகிறது. வாய் ஏன் இல்லை என்பதற்கு ஒன்றுக்கு மேற்பட்ட விளக்கம் உண்டு. வாய் வைத்தால் மழை நிற்கவே நிற்காது என்பது அதில் ஒன்று.

1838-இல் ஜார்ஜ் கிரே என்ற ஆங்கிலேயர் இவற்றைப் பார்த்து வரைந்து, 1841-இல் வெளியிட்டார். இந்த மக்கள் இதை வரைந்திருக்க முடியுமா என்று அவருக்குச் சந்தேகம். அன்று தொடங்கியது, வேறு நாட்டுக்காரர்கள் வந்து வரைந்தார்கள், வேறு இனம் வரைந்தது, கடைசியில் வேற்றுக்கிரகம். சொல்கிற ஆள் மாறினாலும் எல்லாக் கதையும் ஒரே வேலையைத்தான் செய்கிறது. நிலத்துக்காரர்களின் கையிலிருந்து ஓவியத்தைப் பிடுங்கி வேறு யாரிடமோ கொடுக்கிறது. விளையாட்டாகப் பகிர்கிறவர்களுக்கும் இது தெரிந்திருக்க வேண்டும்.

வன்ஜினா ஓவியம் மங்கிப்போனால் அதற்கு உரியவர்கள் புதிதாக வண்ணம் தீட்டுவார்கள். மழை வரவும், விலங்கும் செடியும் பெருகவும், நிலம் நன்றாக இருக்கவும் அது தேவை. 1987-இல் இந்த வழக்கம் பெரிய சர்ச்சையானது. அரசின் வேலைவாய்ப்பு நிதியில், ஙரின்யின் இளைஞர்களைக் கொண்டு சில இடங்களில் வன்ஜினா ஓவியங்கள் புதுப்பிக்கப்பட்டன. அந்த வட்டாரத்துக் கால்நடைப் பண்ணைக்காரர்கள் எதிர்ப்புத் தெரிவித்தார்கள். மனிதகுலத்தின் பழைய சொத்தைச் சிறுபிள்ளைகளை விட்டு நாசம் செய்வதாகக் குற்றச்சாட்டு எழுந்தது. வேலை நின்றது. ஙரின்யின் மூத்தவர் டேவிட் மோவல்ஜார்லாய் தங்கள் தரப்பை மறு ஆண்டு ஒரு தொல்லியல் ஆய்விதழில் சக ஆசிரியர்களோடு எழுதினார். புதுப்பிப்பது தங்கள் உரிமையும் கடமையும் என்பதுதான் அவர் வாதம்.

இரு தரப்பும் "காப்பாற்ற வேண்டும்" என்றுதான் பேசின. எதை என்பதில்தான் வேறுபாடு. ஒருவருக்குப் பழைய வண்ணத் துகள் முக்கியம். இன்னொருவருக்கு வன்ஜினாவோடு உள்ள உறவு முக்கியம், வண்ணம் அந்த உறவைப் பேணும் வழி. இளைஞர்களுக்குப் போதிய பயிற்சி இருந்ததா என்ற கேள்வியில் நியாயம் இருக்கலாம். ஆனால் அதைத் தீர்மானிக்க வேண்டியவர்கள் யார் என்று கேட்டால், வன்ஜினாவுக்குப் பதில் சொல்ல வேண்டியவர்கள் என்றுதான் நான் சொல்வேன்.

இந்தப் பகுதியின் சாரம்: வரைவது ஒரு முறை செய்து முடிக்கிற வேலை இல்லை. உரிமை உள்ளவர்கள், உரிய நேரத்தில், திரும்பத் திரும்பச் செய்யும் கடமை.

எவ்வளவு பழசு?

எல்லாரும் முதலில் கேட்கிற கேள்விக்கு ஒரு சிறு பதில். காவிக்கல்லில் கரிமம் இல்லாததால் அதன் வயதை நேரடியாக அளக்க முடியாது. கிம்பர்லியில் ஆய்வாளர்கள் ஓவியத்துக்கு அடியிலும் மேலேயும் குளவிகள் கட்டிய பழைய மண்கூடுகளை எடுத்து அளந்தார்கள். அந்த வழியில் ஒரு கங்காரு ஓவியத்தின் வயது ஏறத்தாழ 17,300 ஆண்டு என்று 2021-இல் தெரியவந்தது. மறுமுனையில், ஆர்னெம் நிலத்துப் பாறைகளில் பாய்மரக் கப்பல்களும் துப்பாக்கிகளும் இருக்கின்றன. இந்தோனேசியாவின் சுலவேசித் தீவிலிருந்து கடல் அட்டை எடுக்க வந்த மக்காசர்களின் படகு ஒன்று, 1664-க்கு முன்பே அங்கே ஒரு பாறையில் வரையப்பட்டுவிட்டது. அதன் மேல் ஒட்டியிருந்த தேன்மெழுகு உருவத்தின் வயதை வைத்து இதைக் கண்டறிந்தார்கள். புதிதாக வந்தவர்களையும் அந்தப் பாறைகள் பதிவு செய்துகொண்டே வந்தன.

கல்லைப் பெயர்த்தால் போவது எது?

முருஜுகா மேற்கு ஆஸ்திரேலியக் கடற்கரையில் உள்ள ஒரு தீபகற்பமும் சுற்றியுள்ள தீவுகளும். இங்கே வண்ணம் இல்லை, செதுக்கு. பாறையின் கறுத்த மேல்தோலைக் கல்லால் கொத்தி எடுத்தால் உள்ளே உள்ள வெளிர்நிறம் தெரியும், அதுதான் கோடு. இப்படிப் பத்து லட்சம் உருவங்கள் வரை இருக்கலாம் என்று மதிப்பிடுகிறார்கள். அந்த மக்களின் சொல்லில், நிலம் மென்மையாக இருந்த காலத்தில் ஆதி உயிர்கள் உருவாக்கிய சட்டம் இந்தப் பாறைகளில் இருக்கிறது.

இங்கே முதலில் வாழ்ந்தவர்கள் யாபுராரா மக்கள். 1868-இல் குடியேறிகள் நடத்திய படுகொலையில் அவர்களில் பெரும்பகுதியினர் கொல்லப்பட்டார்கள். நிலத்துக்குப் பாட யாரும் இல்லை என்று விட்டுவிட முடியாதே. சுற்றியிருந்த குலங்கள் சேர்ந்து பொறுப்பை ஏற்றன. இன்று ஙார்டா-ஙார்லி என்ற பொதுப் பெயரில் அவர்கள் அதைத் தாங்கி நிற்கிறார்கள்.

1980-களின் தொடக்கத்தில் அங்கே எரிவாயு ஆலை கட்டினார்கள். ஆலை வரும் இடத்தில் இருந்த, செதுக்கல்கள் உள்ள ஆயிரத்துக்கும் மேற்பட்ட பாறைகளைப் பெயர்த்து, வேறிடத்தில் வேலி போட்ட ஒரு வளாகத்தில் கொண்டுபோய் வைத்தார்கள். உடைக்காமல் காப்பாற்றியதாகத்தான் அப்போது நினைத்திருப்பார்கள். பெயர்த்த பாறைகளோடு கோடுகளும் வந்து சேர்ந்தன. ஆனால் இந்தப் பாறை எதைப் பார்த்து நின்றது, எந்த நீர்நிலைக்கு வழி காட்டியது, பக்கத்துப் பாறையோடு சேர்ந்து என்ன சொன்னது என்பது அந்த வளாகத்துக்கு வந்து சேரவில்லை. தொடக்கத்தில் சொன்ன அருங்காட்சியகச் சிலையின் கதைதான். ஆலைப் புகையில் உள்ள அமிலம் பாறையின் மேல்தோலை அரிக்கிறதா என்ற விவாதம் இன்னும் ஓயவில்லை. அந்தச் சூழலில்தான் 2025 ஜூலையில் முருஜுகா உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது.

நிலமே முக்கியம் என்று ஏற்றுக்கொண்டு எடுத்த முடிவும் உண்டு. கக்காடுவின் தெற்கே ஜாவோய்ன் மக்களின் நிலத்தில் நோய் நிலம் என்று ஒரு பகுதி இருக்கிறது. அங்கே புலா என்ற ஆதி உயிர் மண்ணுக்கடியில் இருக்கிறார். அவரைத் தொந்தரவு செய்தால் பூமி அதிரும், நோயும் அழிவும் வரும் என்பது மூத்தவர்களின் எச்சரிக்கை. குரட்பா என்ற குன்றில் தங்கமும் பிளாட்டினமும் தோண்ட நிறுவனங்கள் வந்தன. அங்கே காப்பாற்ற ஓர் ஓவியச் சுவர்கூட முக்கியக் காரணமாகச் சொல்லப்படவில்லை. "அங்கே புலா இருக்கிறார்" என்பதுதான் வாதம். 1991-இல் பிரதமர் பாப் ஹாக்கின் அரசு சுரங்கத்துக்குத் தடை விதித்தது.

இதற்கு நேர்மாறாகவும் நடந்தது. 2020 மே மாதம், மேற்கு ஆஸ்திரேலியாவில் ஜூகான் பள்ளத்தாக்கின் பாறை ஒதுக்குகளை இரும்புத்தாது எடுப்பதற்காக ரியோ டிண்டோ நிறுவனம் வெடிவைத்துத் தகர்த்தது. 46,000 ஆண்டுகளாக மனிதர் வந்து தங்கிய இடம் அது. அங்கே கிடைத்த, 4,000 ஆண்டு பழைய பின்னிய முடியின் மரபணு, இன்று அந்த நிலத்துக்கு உரிய மக்களோடு பொருந்தியது. அந்த நேரத்தில் நடைமுறையில் இருந்த மாநிலச் சட்டப்படி நிறுவனத்திடம் அனுமதி இருந்தது. எதிர்ப்பு வலுத்த பிறகு அதன் தலைமை அதிகாரி பதவி விலக நேர்ந்தது. பாறை திரும்பி வராது.

போய்ப் பார்க்க நினைப்பவர்களுக்கு

ஆஸ்திரேலியாவில் இருக்கும் தமிழர்கள் பலர் விடுமுறைக்குக் கக்காடு போகிறார்கள். உபிர், புருங்குய் இரண்டும் பொதுமக்களுக்குத் திறந்துவிடப்பட்ட இடங்கள். மே முதல் செப்டம்பர் வரையிலான வறண்ட காலத்தில் போனால் சாலைகள் திறந்திருக்கும். ஓவியத்தைத் தொட வேண்டாம், கையில் உள்ள எண்ணெய்ப் பசை வண்ணத்தைக் கெடுக்கும். படம் எடுக்கக் கூடாது என்று எழுதியிருந்தால் எடுக்காதீர்கள். சரி, ஏன் என்று கேட்கலாமா? கேட்கலாம். சொல்ல முடியாது என்று பதில் வந்தால் அங்கேயே நிறுத்திக்கொள்ள வேண்டும்.

நேரம் இருந்தால் கிழக்கு அலிகேட்டர் ஆற்றைக் கடந்து குன்பலான்யா ஊருக்குப் போங்கள். ஆர்னெம் நிலம் ஆதிக்குடிகளுக்குச் சொந்தம் என்பதால் வடபகுதி நிலக் குழுவிடம் முன்கூட்டியே அனுமதி வாங்க வேண்டும். அங்கே 1989 முதல் இஞ்சலாக் கலை மையம் நடக்கிறது. அந்த நிலத்துக்காரர்களே இஞ்சலாக் குன்றில் உள்ள ஓவியங்களுக்கு உங்களை அழைத்துப்போய், சொல்லக்கூடிய கதைகளைச் சொல்வார்கள். அதே உருவங்களை, உரிமை உள்ள ஓவியர்கள் மரப்பட்டையிலும் தாளிலும் இன்று வரைந்து விற்கிறார்கள். வாங்கினால் பணம் அவர்களுக்கே போகும். ஆற்றைக் கடக்கும் தரைப்பாலத்தில் மட்டும் கவனம். கடல் ஏற்றத்தோடு நீர் ஏறி இறங்கும், முதலைகள் அங்கேயே கிடக்கும். நேர அட்டவணையைப் பார்த்து, நீர் வடிந்திருக்கும்போது வண்டியை இறக்குங்கள்.